தலைவர் கேட்ட சோடா

அன்புள்ள அம்மாவுக்கு,

நான் சுகம். உங்கள் முழங்கால் நோவு குறைந்ததா?

நேற்று பாராளுமன்றத்தில் ஒரு சின்ன விசயம், பெரிதாக எடுக்காதீர்கள். எங்கள் கட்சித் தலைவர் என் பக்கத்தில் இருந்து தேநீர் குடித்தபடி பத்திரிகைக்காரர்களிடம் சொன்னார்: "குருநகர்ச் சந்தையிலை மீன் விக்கிற மனிசியின்ரை பிள்ளையை எம்பி ஆக்கினது நான்தான்."

வெயிலில் வீடு வீடாக ஏறி வாக்குக் கேட்டது நீங்களும் நானும். அந்த நாட்களில் ஒருமுறை எங்கள் வீட்டுக்கு வந்த தலைவர், நீங்கள் ஊற்றிய தேநீரைத் தொடவில்லை. "சோடா இருந்தா உடைச்சுத் தாங்கோ" என்றார். எங்கள் கோப்பையில் வாய் வைக்க அவருக்கு மனமில்லை. நீங்கள் செருப்புக்கூடப் போடாமல் கடைக்கு ஓடினீர்கள். நினைத்தால் இன்னும் பற்றி எரிகிறது.

தேவாலயப் பெருநாளுக்குப் படம் எடுப்பவர்களோடு திரும்ப எங்கள் வீட்டுக்கு வருகிறாராம். நீங்கள் குடிக்கும் கோப்பையிலேயே தேநீர் கொடுங்கள். குடித்தால் படம் எடுக்கட்டும்.

தம்பி டினேஸ் கொழும்புக்கு வரும்போது உங்கள் மிளகாய்த்தூள் கொஞ்சம் கொடுத்துவிடுங்கள். இங்கே தனியே இருந்து சாப்பிட ஒன்றும் உறைக்கவில்லை.

மணி அடிக்கிறது, சபைக்குப் போகவேண்டும். அவர் என்ன கேட்டாலும் கடைக்கு ஓடாதீர்கள், அம்மா. அவருக்கு முன்னால் கதிரையில் சாய்ந்து உட்காருங்கள்.

மகள்
லவீனா