அலமாரிக் கதவில் நூற்றெண்பது கோடுகள்

உன் வீட்டுப் பத்திரத்தில் பாச்சை உருண்டை நாற்றம் அடிக்கிறது. பதினெட்டு வருடத்துக்கு மேல் வங்கியின் இரும்பு அறையில் கிடந்த நாற்றம். போன மாதம் உன் மனைவி கோமளாவுக்குத் துணையாக நானும் போய் அதை வாங்கி வந்தேன். வங்கி அதிகாரி, வயது முப்பதுகூட இருக்காது, உறையை நீட்டி, "கங்கிராட்ஸ் அம்மா" என்றார். எனக்குப் பொறுக்கவில்லை. "எதுக்கு சார் கங்கிராட்ஸ்? அவங்க பொருள அவங்களுக்குத் திருப்பிக் குடுக்கறீங்க" என்றேன். கோமளா என் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

வீட்டுக்கு வந்ததும் பத்திரத்தை உள்ளே வைக்கச் சுவர் அலமாரியைத் திறந்தாள். கதவின் உட்புறம் உன் கோடுகள். வெள்ளை பெயின்டில் நீ வரிசைக்குப் பத்தாக வரைந்த நூற்றெண்பது கோடுகள், ஒவ்வொன்றின் மேலும் சிவப்புப் பென்சிலால் ஒரு அடி. அதற்குப் பிறகு கதவின் ஓரத்தில் பேனாவால் நெருக்கி நெருக்கிப் போட்ட முப்பத்து மூன்று. அதற்கும் கீழே கோமளா போட்ட பதினொன்று. அவற்றில் கடைசியை அப்போதுதான் அவள் அடித்தாள். "முடிஞ்சிதுண்ணா" என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள். நான் அந்தக் கதவின் முன்னால் நின்றுகொண்டிருந்தேன். பத்திரத்தின் நாற்றம் என் கையில் இருந்தது.

சித்தூர் மாங்கூழ் ஆலையில் உனக்கு பாயிலர், எனக்கு எடைமேடை. பருவத்தில் லாரிகள் வரிசையாக நிற்கும். ஒரு சட்டிக் கூழ் காய்ந்து இறங்கினால் நீ பாயிலர் சுவரில் சாக்பீஸால் ஒரு கோடு போடுவாய். வேலை நேரம் முடியும்போது எண்ணிப் பார்த்தால் கணக்கு தப்பாது. அந்தப் பழக்கத்தைத்தான் நீ வீட்டுக் கடனுக்கும் கொண்டு போனாய். நூற்றெண்பது மாதத்துக்கும் முன்கூட்டியே கோடு வரைந்து வைத்துக்கொண்டு, மாதம் ஒன்றாக அடித்துக்கொண்டே போனாய். சட்டிக்கு அது சரி. வங்கிக்கு அது சரியில்லை.

நீ கடன் வாங்கிய காரணம் எனக்குத் தெரியும். உன் மகள் ரேவதிக்கு அம்மை போட்டிருந்த சமயம், வேப்பிலை செருகின வாசலில் நின்றுகொண்டு வீட்டுக்காரர் காலி பண்ணச் சொன்னார். நீ அன்று வேலைக்கு வந்து பாயிலர் கதவை அறைந்து மூடினாய். "என் பொண்ணு படுத்திருக்கிற எடத்துல இருந்து எவனும் எழுப்பக் கூடாது நைனா" என்றாய். சிநேகிதனான என்னை நீ அப்படித்தான் கூப்பிடுவாய். அதற்கு நான் மறுமொழி சொல்லியிருக்கக் கூடாது. சொன்னேன்.

ஆறு லட்சம் கடன், பதினைந்து வருடம், எட்டரை வட்டி, மாதம் ஐயாயிரத்துத் தொள்ளாயிரத்து எட்டு ரூபாய். நான் ஐந்தாவதோடு நின்றவன். இங்கிலீஷை எடைச்சீட்டில் இருந்தும், வட்டிக் கணக்கைப் பழைய புத்தகக் கடையில் வாங்கிய ஒரு கிழிந்த புத்தகத்தில் இருந்தும் கற்றுக்கொண்டவன். எடைச்சீட்டின் பின்பக்கத்தில் போட்டுக் காட்டினேன். ஆறு லட்சத்துக்கு நீ கட்டப்போவது பத்து லட்சத்து அறுபத்து மூன்றாயிரம். முதல் இரண்டு வருடத்தில் ஒரு லட்சத்து நாற்பத்து இரண்டாயிரம் கட்டியிருப்பாய், அசலில் குறைந்திருப்பது நாற்பத்து மூன்றாயிரம்.

"மீதி எங்க போவுது?" என்றாய்.

"காலையில பாயிலர் பத்த வச்சா இன்னா ஆவுது? மொத விறகு பூரா தண்ணி சூடாவறதுக்கே பூடுது. நீராவி அப்புறந்தான். அந்த மாதிரி மொத வருஷங்கள்ல கட்டறது பூரா வட்டிக்கே பூடும்."

நீ சிரித்தாய். "அதுக்காவ பாயிலர பத்தவே வைக்கக் கூடாதுன்றியா?"

நான் எடைச்சீட்டைக் கசக்கிப் போட்டேன். அந்த எரிச்சல் இன்னும் தீரவில்லை.

மூன்றாம் வருடம் தொடங்கியபோது வங்கியிலிருந்து ஒரு கடிதம் வந்தது. இங்கிலீஷ் கடிதம் என்பதால் எடைமேடைக்கு எடுத்துக்கொண்டு வந்தாய். வட்டி இரண்டு சதம் ஏறியிருந்தது. மாதத் தொகையை அவர்கள் ஏற்றவில்லை. அதற்குப் பதிலாக மீதித் தவணைகளின் எண்ணிக்கையை ஏற்றிவிட்டார்கள். நூற்றைம்பத்தாறு இருக்க வேண்டிய இடத்தில் இருநூறு என்று இருந்தது. நான் விரலை வைத்துக் காட்டினேன். "போய் மாசம் அறுநூத்தி அம்பது ரூபா சேத்து கட்டறேன்னு எழுதிக் குடு. பழைய கணக்குலயே முடிஞ்சிடும். இல்லன்னா நாப்பத்திநாலு மாசம் கூடப் போவும். ரெண்டு லட்சத்து அறுபதாயிரம்" என்றேன். அறுநூற்றைம்பது ரூபாய் என்பது மொத்தமாகப் பார்த்தாலும் ஒரு லட்சத்துச் சொச்சம்தான்.

நீ கடிதத்தை மடித்துச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டாய். "கட்டற தொகை மாறல இல்ல? அப்புறம் இன்னா? ஊரெல்லாம் வட்டி ஏறிடுச்சின்னு கத்திக்கினு கீது, எனக்கு ஒரு ரூபா ஏறல. நீ வாடகை வூட்டுல இருந்துக்கினு சொந்த வூட்டுக்காரனுக்குக் கணக்கு சொல்ற."

பக்கத்தில் லாரி டிரைவர்கள் இருந்தார்கள். அவர்களும் சிரித்தார்கள்.

அன்றோடு நான் உன் கடனைப் பற்றி வாய் திறக்கவில்லை. சண்டை எதுவும் இல்லை. தினமும் ஆலை வாசலில் ஒன்றாக டீ குடித்தோம். மாங்காய் விலை பேசினோம், ரேவதி காலேஜ் பேசினோம், பாலசமுத்திரத்தில் உன் தம்பி நிலத்துத் தகராறு பேசினோம். நீ மாதா மாதம், "இன்னிக்கு ஒரு கோடு அடிச்சேன் நைனா" என்பாய். நான் டீ கிளாஸைப் பார்த்துக்கொண்டிருப்பேன். பதின்மூன்று வருடம் அப்படிப் போனது.

நூற்றெண்பதாவது கோட்டை அடித்த வாரம், திருமலையில் மொட்டை போடுவதாக வேண்டிக்கொண்டிருந்ததைச் சொல்லி என்னையும் கூப்பிட வந்தாய். கூட வந்த கோமளா புதுப்புடவையில் இருந்தாள். "வா நைனா, கடன் தீந்து மலையேறப் போறோம். நீ இல்லாம எப்பிடி?" என்றாய். அப்போதாவது சொல்லியிருக்கலாம். முட்டி வலி என்றேன். முட்டி வலி இருந்தது உண்மைதான்.

நீங்கள் மலையிலிருந்து வந்து லட்டு கொடுத்து அனுப்பினீர்கள். மறு மாதம் ஐந்தாம் தேதி, தலையில் துண்டைச் சுற்றிக்கொண்டு நீ என் வாசலில் நின்றாய். கையில் போன், மறுபடி தவணை பிடித்த மெசேஜோடு. "பேங்குக்காரன் தெரியாம புடிச்சிட்டான் நைனா. நீ வந்து இங்கிலீஷ்ல கேளு."

வங்கியில் ஒரு அம்மாள் கணினியைப் பார்த்துவிட்டு, "லெட்டர் பம்பிஞ்சாம் கதண்டி" என்றார். கடிதம்தான் அனுப்பினோமே என்கிறார். நீ, "எத்தினி பாக்கி?" என்று கேட்டாய். நாற்பத்து நான்கு என்றார். நீ கத்துவாய் என்று நினைத்தேன். துண்டை எடுத்துவிட்டு மொட்டைத் தலையை ஒரு தடவை தடவிக்கொண்டாய், அவ்வளவுதான்.

வெளியே வந்து பஸ் ஸ்டாப்பில் நின்றபோது கேட்டாய்.

"உனக்குத் தெரியும் இல்ல?"

"அன்னிக்கே சொன்னேனே."

"ஒரு தடவ சொன்ன."

"வாடகை வூட்டுக்காரன்னு நீ சொன்ன."

"அதுக்காவ பதிமூணு வருஷமா நைனா?"

வேலூர் பஸ் வந்தது. உன் வீட்டு வழியாகப் போகிற பஸ், என்னைக் கூப்பிடாமல் நீ ஏறிப் போனாய். நான் நடந்தே வந்தேன்.

ஓய்வு பெற்ற பிறகு திருப்பதியில் ஒரு அபார்ட்மென்டில் வாட்ச்மேன் வேலைக்குச் சேர்ந்தாய். தவணைக்காகத்தான் என்று எல்லாருக்கும் தெரியும். மாதம் ஒரு முறை வந்து கதவின் ஓரத்தில் ஒரு கோடு போட்டுவிட்டுப் போவாய். முப்பத்து மூன்று கோடுகள். காய்ச்சல் என்று படுத்தாய், நான்காம் நாள் போய்விட்டாய். கடனோடு ஒரு காப்பீடு எடுத்திருந்தாயே, நீ போனால் மீதிக் கடனை அவர்கள் கட்டுவார்கள் என்று. நான்தான் அந்தக் காகிதத்தை எடுத்துக்கொண்டு போனேன். அது பதினைந்து வருடத்துக்கு எடுத்தது, முடிந்து மூன்று வருடம் ஆகப்போகிறது என்றார்கள். கடன் நீண்டது, காப்பீடு நீளவில்லை. இதை யாரிடம் போய் முறையிடுவது? சட்டப்படி எல்லாம் சரியாகவே இருந்தது. மொத்தம் பதின்மூன்று லட்சத்து இருபத்து மூன்றாயிரம் கட்டப்பட்டது, வட்டிக்கு, அசலுக்கு, அந்த அம்மாள் சொன்ன கடிதத்துக்கு.

அப்புறம் நடந்ததைக் கேள். பத்திரம் கைக்கு வந்து நான்கு நாள்கூட ஆகியிருக்காது. ரேவதியும் மாப்பிள்ளையும் திருப்பதியில் ஃபிளாட் பார்த்திருக்கிறார்கள். இருபத்தைந்து வருடக் கடன். அதற்கு உன் வீட்டுப் பத்திரத்தையும் ஈடாகக் கேட்கிறார்கள். கோமளா கையெழுத்துப் போட வேண்டும், போடுகிறேன் என்று சொல்லித் திருப்பதிக்குப் போய்விட்டாள். நான் போனில் ரேவதியிடம் பேசினேன்.

"மாமா, வட்டி ஏறினாலும் மாசத் தொகை மாறாதுன்னு பேங்குல சொல்லிட்டாங்க. நீங்க கவலப்படாதீங்க" என்றாள்.

அதே வார்த்தை. விவரத்தைச் சொன்னேன். "சரி மாமா, சரி மாமா" என்று போனை வைத்தாள். ஒரு தடவை சொல்லியாகிவிட்டது. மறுநாள் மறுபடி போன் செய்தேன். மாப்பிள்ளை எடுத்து, ரேவதி குளிக்கிறாள் என்றார். ஒரு மணி நேரம் கழித்தும் குளித்துக்கொண்டுதான் இருந்தாள்.

அதனால் உன் வீட்டுச் சாவியை எடுத்தேன். கோமளா என்னிடம் கொடுத்துவிட்டுப் போன சாவிதான். திருப்புளியால் அலமாரிக் கதவைக் கழற்றினேன். பழைய வேட்டியில் சுற்றி, திருப்பதி பஸ்ஸில் ஏறினேன். கண்டக்டர் பார்த்துவிட்டு, "ஏம் தாத்தா, இல்லு மொத்தம் எத்துக்குனி போதுன்னாவா?" என்றார். வீட்டையே தூக்கிக்கொண்டு போகிறாயா என்று கேட்கிறார். ஆமாம் என்றேன். லக்கேஜ் டிக்கெட் போட்டார்.

ரேவதி வீட்டுக் கூடத்தில் கதவைச் சுவரோரம் சாய்த்து வைத்தேன். கோமளாவுக்குக் கோபம். "அலமாரி தொறந்து கெடக்குமே, பல்லி பூந்துடாதா? ஏண்ணா இப்பிடி பண்றீங்க?" ரேவதி கதவின் முன்னால் உட்கார்ந்து விரலால் எண்ணினாள். நூற்றெண்பது வரை வேகமாகப் போனாள். ஓரத்துக் கோடுகளுக்கு வந்ததும் விரல் நின்றது.

"இதெல்லாம் எங்க நைனா வாட்ச்மேனா இருந்தப்ப போட்டதா?"

"ஆமா. தொகை மாறலன்னு சந்தோஷப்பட்டதுக்கு."

அவள் என் பக்கம் திரும்பினாள். "மாமா, நீங்க நாப்பது வருஷமா வாடகை கட்டறீங்களே. அதுக்குக் கோடு போட்டு வச்சிருக்கீங்களா?"

உன் மகள்தான், சந்தேகமே இல்லை. நான் இருப்பது ஏழாவது வாடகை வீடு. அதையும் தை மாதத்துக்குள் காலி செய்யச் சொல்லியிருக்கிறார்கள். இது கோமளாவுக்குத் தெரியும். அவள் எனக்கு மோர் கொண்டு வந்து வைத்தாள்.

"இல்ல" என்றேன். "என்னுது வேற தப்பு. அத அப்புறம் பேசலாம். இப்ப நீ கேளு." மறுபடி முதலிலிருந்து சொன்னேன். மாப்பிள்ளை சலித்துக்கொண்டார். நான் நிறுத்தவில்லை. வட்டி ஏறினால் தொகை ஏறட்டும், தவணை எண்ணிக்கை ஏறக் கூடாது என்று எழுதிக் கொடுக்க வேண்டும். வருடத்துக்கு ஒரு முறை, மாதம் எவ்வளவு என்று கேட்காமல், இன்னும் எத்தனை தவணை பாக்கி என்று போய்க் கேட்க வேண்டும். காப்பீடு கடன் முடிகிறவரைக்கும் இருக்க வேண்டும். அம்மாவின் பத்திரத்தை விட்டுவிட்டுச் சின்ன ஃபிளாட்டாகப் பார்க்க வேண்டும்.

கடைசியாகச் சொன்னதை அவர்கள் கேட்கவில்லை. கோமளா கையெழுத்துப் போட்டுவிட்டாள். பாச்சை உருண்டை நாற்றம் போவதற்குள் உன் பத்திரம் மறுபடி இரும்பு அறைக்குப் போகிறது. இதில் எனக்குச் சம்மதம் இல்லை, இனிமேலும் சம்மதிக்க மாட்டேன். ஆனால் மற்ற மூன்றையும் ரேவதி ஒரு தாளில் எழுதி, எனக்குப் படித்துக் காட்டி, விண்ணப்பத்தோடு சேர்த்துக் கொடுத்தாள். வங்கி முத்திரை போட்ட நகலை எனக்கும் ஒன்று அனுப்பியிருக்கிறாள். அந்தப் பெண் இங்கிலீஷில் ஒரு எழுத்துகூடத் தப்பு விடவில்லை.

கதவைத் திருப்பிக்கொண்டு வந்து மாட்டிவிட்டேன். பழைய திருகு இரண்டு பிடிக்கவில்லை, புதுசு வாங்கிப் போட்டேன். மாட்டுகிறபோது உன் வெள்ளைக் கோடுகள் என் முகத்துக்கு நேராக இருந்தன. ரேவதிக்கு இரண்டு தடவை சொல்லியிருக்கிறேன். அடுத்த வருடம் இதே மாதம், இன்னும் எத்தனை பாக்கி என்று அவளுக்குப் போன் செய்வேன். அவள் குளித்துக்கொண்டிருந்தால் பஸ் ஏறிப் போவேன். உயிரோடு இருக்கிறவரை வருடா வருடம் கேட்பேன், அவள் என்னைத் திட்டினாலும் கேட்பேன்.

உனக்கு மட்டும் ஒரே ஒரு தடவை சொன்னேன்.