என் கைநாட்டுத் தாளை நானே மேடையில் வாசிக்க அனுமதி கோரும் மனு

அனுப்புநர்:
வெ. காத்தமுத்து (வயது 68),
திரைப்படத் துணை நடிகர், கதையாசிரியர்,
கிழக்குத் தெரு, சேவுகம்பட்டி.

பெறுநர்:
மாவட்ட ஆட்சியர் அவர்கள்,
ஆட்சியர் அலுவலகம், திண்டுக்கல்.

பொருள்: எழுத்தறிவு நாள் விழாவில், சிறப்பு விருந்தினர் திரு. முருகேசன் முன்னிலையில், பாடப் புத்தகத்துக்குப் பதிலாக வேறு ஒரு தாளை வாசிக்க அனுமதி வேண்டுதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

இந்த மனுவை நானே எழுதுகிறேன். தங்கள் அலுவலக வாசலில் மனு எழுதுகிறவர் பத்து நிமிடத்தில் முடித்துத் தருவதாகச் சொன்னார். வேண்டாம் என்றேன். எனக்கு ஆறு நாள் ஆனது. ஆறு நாளும் இனித்தது.

1. நான் பதினோரு படங்களில் நடித்தவன். பிணமாக இரண்டு, வண்டிக்காரனாக நான்கு, கோர்ட்டில் கூட்டத்தோடு ஐந்து. பேசிய வசனம் எல்லாம் சேர்த்து மூன்று. ஆனால் எனக்குக் கதை சொல்ல வரும். 1990-ஆம் ஆண்டு கோடம்பாக்கத்தில், வத்தலக்குண்டைச் சேர்ந்த உதவி இயக்குநர் முருகேசனுக்கு ஏழு மத்தியானம் ஒரு முழுக் கதையைச் சொன்னேன். தகப்பனாகவும் மகளாகவும் நானே நடித்துக் காட்டினேன். அவர் எழுதிக்கொண்டார்.

2. அது ஒரு மாட்டுத் தரகரின் கதை. சந்தையில் துண்டுக்குள் விரல் பிடித்து விலை பேசிப் பழகியவர், மகளின் கல்யாணத்தையும் துண்டுக்குள்ளேயே பேசி முடிக்கிறார். மகள் வந்து எல்லோர் முன்னாலும் துண்டை உருவி எறிகிறாள். தியேட்டரில் ஜனங்கள் கைதட்டிய இடம் அதுதான். எந்த விரலுக்கு என்ன விலை என்பதுகூட முருகேசனுக்குத் தெரியாது. படப்பிடிப்பில் என்னைத்தான் கூப்பிட்டுக் கேட்டார்.

3. படம் தொடங்கும் முன் அவர் ஒரு தாளை நீட்டி, "டைட்டில்ல உங்க பேரு போடுறதுக்கு, அப்பு. கட்டைவிரல அமுக்குங்க" என்றார். அமுக்கினேன். நகல் ஒன்று கேட்டு வாங்கி வந்து டிரங்குப் பெட்டியில் வைத்தேன். இரண்டு ஆயுத பூஜைக்கு அதற்குச் சந்தனம், குங்குமம் வைத்துக் கும்பிட்டேன்.

4. 1992 பொங்கலுக்குப் படம் வந்தது. தெருவையே கூட்டிக்கொண்டு வத்தலக்குண்டுக்குப் போனேன். திரையில் பெரிதாக வந்த ஒரு பெயரைக் காட்டி, அதுதான் நான் என்றேன். தெருவே கைதட்டியது. வெளியே வந்ததும் தபால்காரர் முகமது பாரூக் என் காதோடு, "அண்ணே, அது மேக்கப்காரர் பேரு. கதை, வசனம் முருகேசன்னு போட்டிருக்கு" என்றார்.

5. சென்னைக்குப் போய்க் கேட்டேன். நாலு பேர் நடுவில் முருகேசன் சிரித்துக்கொண்டே, "தாளு உங்ககிட்டதான இருக்கு. படிச்சுப் பாருங்க" என்றார். நாலு பேரும் சிரித்தார்கள். அதற்குப் பிறகு அந்தத் தாளை யாரிடமும் காட்டவில்லை. அதில் இருப்பதை இன்னொருவர் வாயால் கேட்கக் கூசினேன்.

6. சென்ற ஆண்டு அறிவொளி வகுப்பில் சேர்ந்தேன். ஆனந்தி டீச்சர் கையைப் பிடித்து எழுதவைத்தார். பஸ் போர்டு, தீப்பெட்டி, சுவரொட்டி, எது கண்ணில் பட்டாலும் படித்தேன். போன மாதம் பெட்டியைத் திறந்தேன். பதினாறு வரி. நான்கு நாள் படித்தேன். காத்தமுத்து ஆகிய நான் எழுத்தறிவு இல்லாதவன், கதை செய்யும் அறிவும் எனக்குக் கிடையாது, இந்தக் கதை முழுவதும் முருகேசனின் சொந்தக் கற்பனை என்று நானே சொல்வதாக அதில் இருக்கிறது. ஒரு வார்த்தையின் மேல் குங்குமம் படிந்திருந்தது. சுரண்டிப் பார்த்தேன். "அறிவு" என்று இருந்தது.

7. வரும் செப்டம்பர் 8-ஆம் தேதி விழாவில் எங்களுக்குச் சான்றிதழ் வழங்க அதே முருகேசன் வருவதாக நோட்டீஸ் ஒட்டியிருக்கிறார்கள். அழைத்தவர்களுக்கு இது எதுவும் தெரியாது. அந்த நோட்டீஸையும் நானே படித்தேன். அன்று இரவு நன்றாகத் தூங்கினேன்.

ஐயா, அவர் வருவதைத் தயவுசெய்து நிறுத்திவிட வேண்டாம். அவர் மேல் வழக்கும் வேண்டாம். வழக்கு என்றால் மேடைக்கு வரமாட்டார். மாலை போடுங்கள். நடு நாற்காலியில் உட்காரவையுங்கள். சான்றிதழ் வாங்கும் முன் ஒவ்வொருவரும் மைக்கில் ஒரு பாடம் வாசித்துக் காட்டுவது வழக்கம். நான் பாடத்துக்குப் பதிலாக இந்தத் தாளை வாசிக்க உத்தரவு தரவேண்டும். விரல் வைத்துத்தான் படிப்பேன். கால் மணி நேரம் ஆகும். அதுவரை அவர் எழுந்து போகாமல் தாங்கள் பார்த்துக்கொள்ள வேண்டும்.

"இதுக்காகவா படிக்கச் சொல்லிக் குடுத்தாக" என்று என் மனைவி சிவனம்மாள் கேட்கிறாள். இதற்காகவும்தான், ஐயா.

அந்தத் தாளின் கடைசி வரி, "மேற்கண்டவை சாட்சிகள் முன்னிலையில் எனக்கு வாசித்துக் காட்டப்பட்டன" என்பது. அன்றைக்கு யாரும் வாசிக்கவில்லை. அந்த ஒரு வரியையாவது உண்மையாக்கித் தரும்படி தங்களைப் பணிந்து கேட்டுக்கொள்கிறேன்.

இடம்: சேவுகம்பட்டி
நாள்: 28.8.1995

என் கையால் எழுதி, என் கையால் ஒப்பமிட்டது,
வெ. காத்தமுத்து