வாசலை விட்டு நகராதவர்கள்

மார்ச் 4
சுரங்கப்பாதை இடிந்து இன்றோடு நாற்பது நாள். தம்பியும் கூட வேலை செய்த ஆறு பேரும் இன்னும் உள்ளேதான். தேடுதல் முடிந்ததாம். சுரங்க வாயைக் கான்கிரீட் போட்டு மூடி, மேலே பெயர் பொறித்த கல் வைப்பாராம் மேயர். "கல்லுல பேரு வேணாம், எங்க ஆளு வேணும்"னு தம்பி மனைவி கத்தினாள். மேயர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

மார்ச் 7
நான் வேலை பார்க்கும் மருத்துவமனைச் சலவைப் பிரிவுக்கு டீச்சர் வந்தார். பள்ளியில் வரலாறு சொல்லித் தந்தவர். பழைய கிரேக்கத் துன்பியல் நாடகம் ஒன்று போடுகிறாராம். போரில் செத்தவர்களைப் புதைக்கத் தர மாட்டேன் என்கிறான் அரசன். வீட்டுப் பெண்கள் அவன் வாசலை விட்டு நகர மறுக்கிறார்கள்.
"எனக்கு நடிக்க வராதே டீச்சர்."
"யாரு நடிக்கச் சொன்னா? அந்த வாசல்ல நிக்கிற பெண்களா, பன்னிரண்டு பேரா சேர்ந்து கேக்கணும், அவ்வளவுதான்."

மார்ச் 12
ஒத்திகை. அரசன் வசனம் முடிந்ததும், துணி மடிக்கும் அக்கா (குரலால் 'இடி' என்று பேர்) சொன்னாள்: "இந்த ஆளை நேத்து டிவில பாத்தேனே!" வயிறு வலிக்கச் சிரித்தேன். இத்தனை நாளுக்கப்புறம் — சிரிக்கலாமா நான்?

மார்ச் 19
மேயர் அலுவலகக் கடிதம்: நாடகத்தில் அரசியல் இருக்கிறது, இரண்டு காட்சிகளை நீக்கவும். டீச்சர் பதில்: "எழுதியவர் காலமாகி இரண்டாயிரத்து நானூறு ஆண்டுகள் இருக்கும். ஆட்சேபணையை அவருக்கே அனுப்பவும்."
ஒரு வரியும் நீக்கவில்லை.

மார்ச் 23
போட்டுட்டோம்! அரங்கில் எள் போட இடமில்லை. மேயர் முதல் வரிசை. வராவிட்டால் பயந்துவிட்டார் என்பார்களே. "எங்கள் பிள்ளைகளைக் கொடு" — மூன்று முறை சொல்ல வேண்டும். இரண்டாவதிலேயே நான் வரியைப் பாதியில் விட்டுவிட்டேன். போச்சுடான்னு நினைச்சேன். பின்வரிசையில் யாரோ அந்த வரியைச் சொன்னார். அப்புறம் நாலு பேர். அப்புறம் அரங்கமே! மறுநாள் சுரங்க வாயை மூட வரவேண்டிய கான்கிரீட் லாரியின் ஓட்டுநர் எழுந்து, "நாளைக்கு நான் வண்டி எடுக்க மாட்டேன்" என்றார். கைதட்டல் ஓயவேயில்லை. கடைசியில் மேயர் மேடையேறி, மறுபடி தோண்டுவதாகச் சொன்னார். இடி என் தோளைக் குலுக்கினாள்: "ஜெயிச்சுட்டோம்டி!"

மார்ச் 24
தோண்டறாங்க. நானே போய்ப் பார்த்தேன்.

ஏப்ரல் 11
ஏழு பேரும் வந்துவிட்டார்கள். தம்பி நான்காவது. பன்னிரண்டு பேரும் சேர்ந்துதான் இடுகாடு வரை சுமந்தோம்.

ஏப்ரல் 14
வேலைக்குப் போகும் வழியில்தான் இப்போது அவன் இருக்கிறான். காலையில் ஒரு நிமிஷம் நின்று, "வரேன்டா" என்று சொல்லிவிட்டுப் போனேன்.