மேலே ஒட்டிய போஸ்டர்

அன்பு மகள் சங்கீதாவுக்கு அம்மா எழுதுவது. மஸ்கட்டில் வெயில் ஜாஸ்தி என்றாய், டியூட்டி முடிந்து வந்ததும் மோராவது குடி. இங்கே எங்கள் உடம்புக்கு ஒன்றுமில்லை, தெருவில் முகத்தைத்தான் காட்ட முடியவில்லை. போனில் சொல்லலாம் என்றால் அப்பா பக்கத்திலேயே இருக்கிறார், அதனால் எழுதுகிறேன்.

ஜேக்கப் மாமா ஷூ கம்பெனியில் மயங்கி விழுந்து இறந்ததைச் சொன்னேன் அல்லவா, கூட வேலை செய்தவர்கள் கண்ணீர் அஞ்சலி போஸ்டர் அடித்து ஆக்னஸ் அத்தை வாசலுக்கு நேரெதிர் சுவரில் ஒட்டியிருந்தார்கள். அத்தை தினமும் கதவைத் திறந்து அந்த முகத்தைப் பார்த்துவிட்டுத்தான் அடுப்பு பற்றவைப்பாள். போன புதன்கிழமை அப்பாவின் நடிகருக்கு நினைவு நாள். நீ பிறக்கும் முன்பே போய்ச் சேர்ந்த மனிதர், இன்றும் அவருக்கு மாலை, போஸ்டர், பிரியாணிப் பொட்டலம் எதுவும் குறையவில்லை. விடிந்து நான் கோலம் போடப் போனால் மாமா இருந்த இடத்தில் நடிகர் சிரிக்கிறார், கீழே ரசிகர் மன்றச் செயலாளர் என்று அப்பா பெயர் கொட்டை எழுத்தில். கேட்டதற்கு, “இருட்டுல கவனிக்கல, வருஷா வருஷம் நம்ம செவுருதான அது” என்கிறார். எல்லா வருஷமும் இவருக்கு ஏணி பிடித்தவர் மாமாதானே, பிடிக்க ஆளில்லாமல் ஏறும்போதுகூடவா அவர் நினைவு வரவில்லை?

ஆடு தின்னக்கூடாது என்று மயில்துத்தம் போட்டு மைதாப் பசையை நன்றாகக் காய்ச்சிக் கொடுத்தவள் நான். ஈரத்துணியால் உரித்துப் பார்த்தேன், நடிகரோடு மாமாவின் பாதி முகமும் கையோடு வந்துவிட்டது. பின்னாலிருந்து அத்தை, “வுடு ஜெயா, இன்னும் கிழிக்காத. அவுரு இருந்திருந்தா உங்க வூட்டுக்காரருக்கு ஏணி புடிச்சிருப்பாரு” என்றாள். திட்டியிருந்தால் தேவலை.

தம்பி ஹேமந்த் அப்பாவிடம் பேசுவதையே விட்டுவிட்டான். அப்பாவும் சாப்பிடாமல் கிடந்து, மறுநாள் தானே பிரஸ்ஸுக்குப் போய் மாமா போஸ்டரைத் திரும்ப அடித்து வந்தார். கீழே யார் பெயர் என்று பிரஸ்காரர் கேட்டதற்கு யார் பெயரும் வேண்டாம் என்றாராம். தெரு முழுக்கப் பார்க்கும் பகலிலேயே ஒட்டினார். ஏணியை நான் பிடித்தேன். அத்தை கதவைத் திறந்து பார்த்தாள். கதவைச் சாத்தவில்லை.

கடவுள் உன்னை நோய்நொடியில்லாமல் வைத்திருக்கட்டும். ஞாயிற்றுக்கிழமை சர்ச் விட்டதும் அத்தைக்கு மறக்காமல் போன் செய். எங்களுக்காக மன்னிப்பு எதுவும் கேட்காதே. மாமாவைப் பற்றி மட்டும் பேசு.

உன் அம்மா,
ஜெயம்மாள்
ஆம்பூர்