ஒரே தட்டில் இரண்டு பேர்

அன்புள்ள அம்மாவுக்கு ஷஹர்பானுவின் ஸலாம். விடுதியில் நான் சுகம். உங்கள் முழங்கால் வலி தேவலையா?

வேண்டா என்ற பெயருள்ள என் அறைத்தோழி, காரணம் சொல்லத் தெரியாத துக்கத்தில் சாப்பாட்டையே விட்டுவிட்டாள். படிப்பை நிறுத்தி ஊருக்கு அனுப்பப்போவதாக வார்டன் அம்மா சொன்னார். நேற்று அவள் தட்டிலேயே நானும் கை வைத்தேன்.

"இன்னாடி இது?"

"எங்க வூட்டு விருந்துல நாலு பேருக்கு ஒரே தட்டுதான். நீ கைய எடுத்தா நானும் எடுத்துடணும்."

"அடிப்பாவி, அப்ப நீயும் பட்டினியா?" என்று முறைத்தவள் பாதித் தட்டுச் சோறு சாப்பிட்டாள். துக்கம் இன்னும் போகவில்லை. ஆனால் இன்று காலை அவளே தட்டை என் முன் வைத்தாள்.

தனியாகச் சாப்பிட்டால் எனக்கும் உங்கள் நினைவுதான். நம் பெரிய தாம்பாளத்தை மதார் சாகிப் மாமாவிடம் கொடுத்தனுப்புங்கள். சாப்பாட்டு மணி அடித்துவிட்டது. வேண்டா கூப்பிடுகிறாள்: "சோறு ஆறுதுடி, வா!"

உங்கள் மகள்,
ஷஹர்பானு