கை தட்டியது நான்தான்

என் உயிரான அண்ணனுக்கு,

நீ போய் இரண்டு வருஷம் ஆகிவிட்டது. ராஜபாளையத்துக் கடையில் இன்னும் கல்யாண வீடியோ எடுத்துத்தான் பிழைப்பு ஓடுகிறது. தாலி கட்டுவது கேமராவில் சரியாக விழாவிட்டால், மாப்பிள்ளையை மறுபடி கையை வைக்கச் சொல்லி எடுக்கிறேன். நீ ஒருநாளும் அப்படிச் சொன்னதில்லை. "நடக்குறத எடுக்கத்தாம்ல வந்திருக்கோம்" என்பாய். உன்னால் எத்தனை கல்யாண வீட்டில் நான் பேச்சு வாங்கியிருப்பேன்?

செண்பகத்தோப்புக் காட்டிலும் அதே பிடிவாதம். நாலு வருஷம், ஞாயிறு தவறாமல் சாம்பல் அணிலுக்காகக் காத்துக் கிடந்தாய். தாய் குட்டியைக் கவ்விக்கொண்டு கூடு மாறுவதை எடுக்காமல் உன் அணில் படம் முடியாது என்று நீதான் சொன்னாய். அது கிடைக்காமலே போய்ச் சேர்ந்தாய்.

உன் கேசட்டுகளை எல்லாம் போட்டுப் பார்த்தேன். அணில் மாங்காய் தின்கிறது. வாலைத் தொங்கவிட்டுத் தூங்குகிறது. ஒரு கேசட் முழுக்க வெறும் கூடு. எரிச்சலாக வந்தது அண்ணே. அப்படி என்னதான் பார்த்துக்கொண்டிருந்தாய்?

போன மாசம் மெட்ராஸ் டி.வி. கம்பெனிக்காரர் ஒருவர், அந்தக் காட்சி மட்டும் இருந்தால் உன் பெயரிலேயே படத்தைப் போடுவதாகச் சொன்னார். மதினி அழுதுவிட்டார்கள். நான் கேமராவைத் தூக்கிக்கொண்டு கிளம்பினேன்.

குட்டி இருந்த கூடு ஒன்று கண்ணில் பட்டது. மூன்று நாள் உட்கார்ந்தேன். பூச்சிக்கடி, வெயில், கால் மரத்துப் போனது. மூன்றாம் நாள் காலையில் உள்ளே போன தாய் வெளியே வரவே இல்லை. கடைசி பேட்டரியும் தீரப் போகிறது. பொறுக்க முடியாமல் எழுந்து பலமாகக் கை தட்டினேன்.

வந்தது. வாயில் குட்டியோடு பாய்ந்தது. அது பிடித்த கொப்பு முறிந்து, குட்டி நழுவப் பார்த்தது. எப்படியோ தப்பி அடுத்த மரத்துக்குப் போய்விட்டது. என் கேமரா அத்தனையையும் பிடித்துவிட்டது.

பார்த்தவர்கள் எல்லாம் அசந்துபோனார்கள். மதினி மட்டும் திரும்பத் திரும்ப மூன்று தடவை போடச் சொன்னார்கள். பிறகு கேட்டார்கள்: "அவிய எடுத்ததுல ஒரு அணிலும் இப்படி அரண்டு ஓடாதே. நீங்க என்ன தம்பி செஞ்சீய?"

நாலு வருஷம் உனக்குக் கிடைக்காதது எனக்கு மூன்றே நாளில் கிடைத்தது. அதை உன் பெயரில் காட்ட முடியவில்லை. உன்மேல் கோபப்படுவதா, என்மேலா?

நேற்று மதினி முன்னால் வைத்தே அதை அழித்துவிட்டேன். மெட்ராஸ்காரருக்கு இப்போதைக்குப் படம் இல்லை என்று எழுதிப் போட்டாயிற்று. இந்த ஞாயிறு முதல் மறுபடி போகிறேன். எத்தனை வருஷம் ஆனாலும் அது தானாக வந்தால்தான் எடுப்பேன். உட்கார்ந்த இடத்தில் உன்னைத் திட்டிக்கொண்டுதான் இருப்பேன், ஆனால் வாய்க்குள்ளேதான் திட்டுவேன்.

பொறுமை இல்லாத உன் கூடப்பிறந்தவன்,
முருகேசன்