மண்டோர் வாயில் உன் பெயர்

வீடியோ கேசட்டின் உறையைத் திறந்ததும் பூஞ்சை வாடை. காலையில், தோட்டத்தில் நம்மை வேலை வாங்கிய மண்டோரின் மகன் வந்து நின்றதால்தான் அதை வெளியே எடுத்தேன். "அக்கா, எங்கப்பா வர்ற எடத்த மட்டும் அழிச்சிடுங்களேன். எனக்குக் கல்யாணம் லா, பொண்ணு வீட்டுக்காரங்க வந்து போறாங்க." நீ இருந்திருந்தால் வயிறு குலுங்கச் சிரித்திருப்பாய். எனக்கு, நன்றாக வேண்டும் என்றுதான் தோன்றியது.

மலேசியாவில் அசாம் ஜாவா ஊர்ப் பக்கத்து எஸ்டேட்டில் நாம் பால்மரம் வெட்டி ரப்பர்ப்பால் எடுத்த காலம். பலகைப் பாலம் ஈரத்தில் வழுக்கும் என்று நீ சொல்லச் சொல்ல, அதைத் தாண்டியிருந்த கடைசி மர நிரைக்கு உன்னை விரட்டியவர் அந்த மண்டோர்தான். பாலத்துக்கடியில் ஓடிய கானில், அந்த வாய்க்காலில் விழுந்தாய், கால் போனது. நீ திரும்பி வந்தபோது பெயரும் அவரே வைத்தார். அதன் பிறகு, விடியுமுன் நடக்கும் பெரட்டில் பேர் படித்து ஆள் கூப்பிடும்போது உன் முறை வந்தால் "நொண்டி!" என்பார். நீயும் "ஐயா" என்பாய். உன்மேலும் எனக்குக் கோபம்தான்.

அப்போதுதான் கோலாலம்பூரிலிருந்து நான்கு பேர் கேமராவோடு வந்தார்கள். "நடிக்க வேணாங்க. நீங்க நீங்களாவே இருந்தா போதும்," என்றாள் படம் எடுத்த பெண். வெளிச்சத்துக்காக விடிந்தபின் பெரட்டு வைத்தார்கள். மண்டோர் சலவைச் சட்டையில் வந்து, பேரேட்டைப் பார்த்து, உன் பெயரை உன் அப்பா பெயரோடு சேர்த்துத் தேனொழுகப் படித்தார். நீ வாய் திறக்கவில்லை. மூன்று முறை படித்த பிறகுதான் கேட்டாய்:

"அது யாருங்கய்யா? தெனம் கூப்புடுற மாதிரி கூப்புடுங்க. நாம நாமளாவே இருக்கணுமாம்."

எல்லாரும் சிரித்துவிட்டோம். அவருக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. "ஏய் நொண்டி! திமிரா?"

"ஐயா," என்றாய், கேமராவைப் பார்த்து.

கோயில் மண்டபத்தில் வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டிப் படத்தைக் காட்டியபோது, மண்டோர் மனைவி பாதியில் எழுந்து போனாள். படம் எடுத்த பெண் எனக்கு ஒரு கேசட் கொடுத்துவிட்டுப் போனாள். மறுநாளே மண்டோர் உன்னை மறுபடி அந்தக் கடைசி நிரைக்கு அனுப்பினார். நீ போய்ச் சேரும்வரை அங்கேதான் வெட்டினாய். அதை நான் மன்னிக்கவில்லை, மன்னிக்கப்போவதும் இல்லை.

"அழிக்கிறேன். உங்கப்பா வந்து, அவ பேரச் சொல்லிக் கேக்கட்டும்," என்று மகனை அனுப்பினேன்.

சாயங்காலம் மண்டோர் கிழவர் தடியூன்றி வந்தார். "அந்த... அந்த..." என்று வாசலில் தவித்தார். நான் உதவவில்லை. கடைசியில், "அந்த நொண்டிப் பொம்பள..." என்றார்.

கேசட்டைப் போட்டுச் சத்தத்தை முழுக்கக் கூட்டினேன். உன் பெயரை அவர் வாயாலேயே மூன்று முறை கேட்டுவிட்டுப் போகட்டும்.